ஸ்டே வாங்கினால் ஜெயித்தாகிவிட்டதா? தொழில் செய்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய தடை உத்தரவு விவரங்கள்

“ஸ்டே வாங்கியாச்சுங்க. இனி அவங்க ஒரு செங்கல்கூட வைக்க முடியாது!”

பொள்ளாச்சி வட்டாரத்தில் தொழில் செய்கிறவர்கள் நாலு பேர் கூடினால் இந்தப் பேச்சு எப்படியும் வந்துவிடும். சொல்கிறவர் வழக்கையே ஜெயித்துவிட்ட தோரணையில் இருப்பார். எதிர்த்தரப்பு வீட்டில் அன்றைக்கு யாருக்கும் சோறு இறங்கியிருக்காது. ஆனால், சட்டப்படி பார்த்தால் அன்று அவர் ஜெயிக்கவும் இல்லை, இவர் தோற்கவும் இல்லை. ‘விசாரித்து முடிக்கும் வரை இடம் இப்போது இருக்கிறபடியே இருக்கட்டும்’ என்று கோர்ட் சொல்லியிருக்கிறது. அவ்வளவுதான்.

இந்த ‘அவ்வளவுதான்’ புரியாததால் கைக்காசை இழந்தவர்கள் இரண்டு பக்கமும் உண்டு. தடை வாங்கியவர், இனி வேலை முடிந்தது என்று சும்மா இருந்துவிடுகிறார். தடை வாங்கப்பட்டவர், எல்லாம் போச்சு என்று இடிந்துபோகிறார். அல்லது கோபத்தில் ராத்திரியோடு ராத்திரியாக கான்கிரீட் போட்டுவிடுகிறார். மூன்றுமே தவறு.

தென்னந்தோப்புகளுக்கு நடுவே நார் மில்கள், கொப்பரைக் களங்கள், குடோன்கள், கல்யாண மண்டபங்கள், கோவை ரோட்டையொட்டி ஷோரூம்கள் என்று இந்தப் பகுதி வளர்ந்துகொண்டே இருக்கிறது. அப்பா காலத்தில் மாட்டு வண்டி போக வாய்ப்பேச்சில் விட்ட தடத்தில் இன்று லாரி போகிறது. வரப்பாக இருந்த இடத்தில் காம்பவுண்டு சுவர் எழும்புகிறது. அண்ணன் தம்பி போல இருந்த பங்குதாரர்கள் பிரியும்போது, இடம் யார் பெயரில், ஷெட் யார் பணத்தில் என்ற கணக்கு வருகிறது. பெரியவர்கள் உட்கார்ந்து பேசியும் ஒத்துவராத ஒருநாள், பொக்லைன் வந்து நிற்கும். அப்போதுதான் வக்கீல் ஆபீஸுக்கு ஓட்டம் ஆரம்பிக்கும்.

அந்த ஓட்டத்துக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டிய விஷயங்கள் இவை.

ஸ்டே வேறு, தடை வேறு

பேச்சு வழக்கில் எல்லாவற்றையும் ‘ஸ்டே’ என்றே சொல்கிறோம். கோர்ட்டில் இரண்டும் வேறு வேறு. ஒரு வழக்கின் விசாரணையையோ, கீழ் கோர்ட்டின் உத்தரவையோ நிறுத்தி வைப்பது ஸ்டே. ஒரு மனிதரையோ நிறுவனத்தையோ பார்த்து, ‘இதைச் செய்யாதே’ என்று கட்டளையிடுவது இன்ஜங்ஷன். நம் ஊர் கோர்ட்டுகளில் தாக்கலாகும் தமிழ்ப் பிராதுகளில் இதற்கு ‘உறுத்துக் கட்டளை’ என்று பெயர்.

இதில் வகைகள் உண்டு. வழக்கு முடியும் வரைக்கும் கொடுப்பது தற்காலிக உறுத்துக் கட்டளை. தீர்ப்போடு சேர்த்துக் கொடுப்பது நிரந்தர உறுத்துக் கட்டளை. ‘கட்டிய சுவரை இடி, அடைத்த பாதையைத் திற’ என்று ஒரு செயலைச் செய்யச் சொல்வது செயலுறுத்துக் கட்டளை. இந்தக் கடைசி வகையை வழக்கு நடுவிலேயே வாங்குவது கடினம். தவிர்க்கவே முடியாத சூழலில் மட்டுமே கோர்ட் அதற்கு இறங்கி வரும்.

நிரந்தரத் தடைக்கும் செயலுறுத்துக் கட்டளைக்கும் அடிப்படை 1963-ம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டம். தற்காலிகத் தடைக்கு அடிப்படை 1908-ம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் உள்ள கட்டளை 39. ‘ஐ.ஏ. போட்டிருக்கிறோம்’ என்று வக்கீல்கள் சொல்வது, இந்தக் கட்டளையின் கீழ் தாக்கல் செய்யும் இடைக்கால மனுவைத்தான்.

ஸ்டே பற்றிய இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடலாம். ‘ஆறு மாதம் ஆனால் ஸ்டே தானாகப் போய்விடும்’ என்று இன்னமும் பலர் நம்புகிறார்கள். 2018-ல் உச்ச நீதிமன்றம், விசாரணையை நிறுத்தி வைக்கும் ஸ்டே உத்தரவுகளுக்கு அப்படி ஒரு கெடு வைத்தது உண்மை. ஆனால், 2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. காலம் ஓடிவிட்டது என்பதற்காக மட்டும் ஸ்டே தானாக விலகாது. எனவே, ‘ஆறு மாதம் ஆச்சு, இனி வேலையை ஆரம்பிக்கலாம்’ என்று யாராவது சொன்னால் நம்பி இறங்கிவிடாதீர்கள்.

நீதிபதி பார்க்கும் மூன்று விஷயங்கள்

ஓர் உதாரணத்துக்கு இப்படி வைத்துக்கொள்வோம். ஒருவர் நார் மில் நடத்துகிறார். மில்லுக்கு லாரி போகும் தடம் பக்கத்து இடத்தின் வழியாகப் போகிறது. பக்கத்து இடத்தை வாங்கிய ஒரு நிறுவனம் அங்கே குடோன் கட்ட அஸ்திவாரம் தோண்டுகிறது. தடம் மறைகிறது. மில்காரர் தடை கேட்டு கோர்ட்டுக்குப் போகிறார். நீதிபதி என்ன பார்ப்பார்?

முதலாவது, வழக்குக்கு மேலோட்டமான முகாந்திரம் இருக்கிறதா? மில்காரரின் கிரயப் பத்திரத்தில் வண்டித்தட பாத்தியம் எழுதப்பட்டிருக்கிறதா? நில அளவை வரைபடத்தில் தடம் தெரிகிறதா? பல வருடங்களாக அந்த வழியே போய்வந்ததற்கு ஏதாவது ஆதாரம் உண்டா? முழுசாக நிரூபிக்க வேண்டியதில்லை. விசாரிக்க வேண்டிய விஷயம் இதில் இருக்கிறது என்று தெரிந்தால் போதும்.

இரண்டாவது, சாதக பாதகம். தடை கொடுத்தால் குடோன்காரருக்கு ஏற்படும் சிரமம் பெரிதா, கொடுக்காவிட்டால் மில்காரருக்கு ஏற்படும் சிரமம் பெரிதா? வேறு வழியே இல்லாத மில் என்றால் தராசு ஒரு பக்கம் சாயும். இன்னொரு பக்கம் தார் ரோடு இருக்கிறது என்றால் வேறு பக்கம் சாயும்.

மூன்றாவது, ஈடு செய்ய முடியாத இழப்பு. பிறகு பணமாகக் கொடுத்து இந்த நஷ்டத்தைச் சரிக்கட்ட முடியுமா? முடியும் என்றால், தடை கிடைப்பது கஷ்டம்.

மூன்றில் ஒன்று குறைந்தாலும் மனு தள்ளுபடியாக வாய்ப்பு உண்டு. ‘என்னிடம் பத்திரம் இருக்கிறது, எனக்குத் தடை கிடைக்காமல் எங்கே போகும்’ என்று நினைக்கிறவர்கள் தடுக்கி விழுவது மூன்றாவதில்தான்.

பெங்களூரு கடை சொல்லும் பாடம்

இதற்கு நல்ல உதாரணம் பெங்களூருவில் ஒரு துணிக்கடை இடத்துக்காக நடந்த வழக்கு. இடத்தைத் தன் கையில் வைத்திருந்தது லிபர்ட்டி ஏஜென்சிஸ். அங்கே தங்கள் ஆடைகளை விற்க அவர்களோடு ஒப்பந்தம் போட்டிருந்தது ஆதித்ய பிர்லா நுவோ. பிறகு அந்த இடத்துக்கு பெஸ்ட் செல்லர்ஸ் ரீடெய்ல் என்ற இன்னொரு நிறுவனம் வந்தது. பிர்லா நிறுவனம் கோர்ட்டுக்குப் போனது. விசாரணை நீதிமன்றம் தடை கொடுத்தது. கர்நாடக உயர் நீதிமன்றமும் அதை உறுதி செய்தது.

வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 2012-ல் வந்த உத்தரவில், தடை நீக்கப்பட்டது. வழக்கில் முகாந்திரம் இருக்கிறது என்பதை உச்ச நீதிமன்றம் மறுக்கவில்லை. ஆனால், இழப்பைப் பணமாகக் கணக்கிட முடியும்போது, முகாந்திரம் இருக்கிறது என்பதற்காக மட்டும் தடை கொடுக்க முடியாது என்றது.

தொழில் தகராறுகளில் இது முக்கியமான வித்தியாசம். குடியிருக்கும் வீட்டை இழப்பதும், ஒரு கடையின் வியாபாரத்தை இழப்பதும் கோர்ட்டின் பார்வையில் ஒன்றல்ல. வியாபாரத்தில் லாப நஷ்டம் கணக்கில் அடங்கும். அதனால், ‘பணத்தால் சரிக்கட்ட முடியாத இழப்பு எனக்கு என்ன?’ என்ற கேள்விக்குத் தெளிவான பதில் இல்லாமல் தடை கேட்டுப் போவதில் அர்த்தமில்லை.

கட்டடம் என்று வரும்போது இன்னொரு கோணமும் உண்டு. வழக்கு நடக்கும்போதே கட்டடம் எழும்பிவிட்டால், இடத்தின் தன்மையே மாறிவிடும். பஞ்சாபைச் சேர்ந்த மகர்வால் கேவாஜி டிரஸ்ட் வழக்கில், ‘கட்டிக்கொள்ளட்டும், கடைசியில் தீர்ப்புக்குக் கட்டுப்படட்டும்’ என்று கீழே விட்டிருந்தார்கள். 2004-ல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. ஈடு செய்ய முடியாத இழப்பு காட்டப்படாதபோது, வழக்கு முடியும் முன் சொத்தின் தன்மையை மாற்றவோ, அதை விற்கவோ அனுமதிக்கக் கூடாது என்றது. ஆக, கட்டுகிறவரும் ‘எனக்கு அவசரம்’ என்பதைக் காரணத்தோடு காட்டியாக வேண்டும்.

வெறும் தடை வழக்கு போதுமா?

செலவு குறைவு என்பதால் ‘தடை மட்டும் கேட்டுப் போடுங்க’ என்று சொல்கிறவர்கள் நிறைய. இடம் உங்கள் அனுபவத்தில் இருந்து, உங்கள் உரிமையை யாரும் பெரிதாகக் கேள்வி கேட்காதபோது அது போதும். ஆனால், எதிர்த்தரப்பும் ஒரு பத்திரத்தை நீட்டி ‘இது என் இடம்’ என்றால், ‘இந்தச் சொத்து என்னுடையது’ என்று அறிவிக்கக் கோரும் விளம்புகைப் பரிகாரத்தையும் சேர்த்துக் கேட்க வேண்டும். இடம் கைவிட்டுப் போயிருந்தால், சுவாதீனத்தையும் கேட்க வேண்டும். 2008-ல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக வகைப்படுத்தியிருக்கிறது. காலி மனை என்றால் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று காட்டுவதே சிரமம். அங்கே பத்திர உரிமை யாருக்கோ, அவர் அனுபவத்தில் இருப்பதாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளும்.

வாடகைக்கு இருக்கும் தொழில்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. ஒருவர் ஓர் இடத்தில் நிலையாக அனுபவத்தில் இருந்தால், உண்மையான உரிமையாளரே ஆனாலும் சட்டத்தின் வழியில்தான் வெளியேற்ற வேண்டும். ஆள் வைத்துப் பூட்டை உடைக்க முடியாது. ராமே கவுடா வழக்கில் 2003-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. அப்படி அடாவடியாக வெளியேற்றப்பட்டால், ஆறு மாதங்களுக்குள் வழக்குப் போட்டு இடத்தைத் திரும்பக் கேட்கலாம். யாருக்கு உரிமை என்ற கேள்வியே அந்த வழக்கில் எழாது.

நோட்டீஸே வராமல் தடை வருமா?

வரும். இதுதான் பலருக்கு இடி விழுந்தது போல இருக்கும். காலையில் வழக்கம்போல சைட்டுக்குப் போனால், மத்தியானம் கோர்ட் உத்தரவின் நகலோடு ஒருவர் வந்து நிற்பார்.

பொதுவாக, எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பி, இரண்டு பக்கமும் கேட்ட பிறகுதான் தடை கொடுக்க வேண்டும். நோட்டீஸ் போய்ச் சேருவதற்குள் சுவரே எழும்பிவிடும் என்ற நிலை இருந்தால் மட்டும், ஒரு தரப்பைக் கேட்டே கொடுக்கலாம். அப்போதும் மூன்று நிபந்தனைகளைச் சட்டம் வைத்திருக்கிறது.

ஒன்று, ஏன் நோட்டீஸ் இல்லாமல் கொடுக்கிறோம் என்ற காரணத்தை நீதிபதி எழுத வேண்டும். இரண்டு, தடை வாங்கியவர் பிராது, மனு, பிரமாணப் பத்திரம், ஆவணங்கள் எல்லாவற்றின் நகலையும் உடனே எதிர்த்தரப்புக்கு அனுப்பி, அனுப்பிவிட்டேன் என்று அன்றோ மறுநாளோ கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் போட வேண்டும். மூன்று, அந்த மனுவை 30 நாள்களுக்குள் முடித்துவைக்க கோர்ட் முயல வேண்டும். முடியாவிட்டால் அதற்கும் காரணம் எழுத வேண்டும்.

அந்த 30 நாள் தாண்டிவிட்டால்? தடை தானாக விழாது. ஆனால், பாதிக்கப்பட்டவர் கைகட்டி நிற்க வேண்டியதும் இல்லை. தமிழ்நாட்டிலிருந்து போன வெங்கடசுப்பையா நாயுடு வழக்கில் 2000-ம் ஆண்டு உச்ச நீதிமன்றம் ஒரு வழியைக் காட்டியது. தடையை நீக்கக் கோரி அதே கோர்ட்டில் மனு போடலாம். 30 நாளில் முடிவு சொல்லாமல் இழுத்தால், அந்த முதல் உத்தரவை எதிர்த்தே மேல்முறையீடு செய்யலாம். கீழ் கோர்ட் ஏன் முடிக்கவில்லை என்பதையும் மேல் கோர்ட் கவனிக்க வேண்டும்.

இந்த 30 நாளின் விலை என்ன?

கொஞ்சம் கணக்குப் போட்டுப் பார்ப்போம். குடோன் கட்ட ஒருவர் 1 கோடி ரூபாய் கடன் வாங்கியிருக்கிறார். ஆண்டுக்கு 12 சதவிகித வட்டி என்று வைத்துக்கொண்டால், மாதம் 1 லட்சம் ரூபாய் வட்டி. தடை ஆறு மாதம் நீடித்தால் 6 லட்சம். இதோடு, வெயிலிலும் மழையிலும் கிடக்கும் கம்பி, வேறு சைட்டுக்குப் போய்விட்ட கொத்தனார்கள், ஏறிக்கொண்டே போகும் சிமென்ட் விலை.

கடைசியில், ‘போதிய காரணம் இல்லாமல் வாங்கிய தடை இது’ என்று கோர்ட் கண்டுபிடித்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 95-வது பிரிவில் நஷ்ட ஈடு கேட்கலாம். அதற்கான உச்சவரம்பு எவ்வளவு தெரியுமா? 50,000 ரூபாய்!

6 லட்சம் போன இடத்தில் 50,000. அதனால்தான், தடை கொடுக்கும் முன்பே ‘எதிர்த்தரப்புக்கு நஷ்டம் வந்தால் ஈடு கொடுப்பேன்’ என்ற உத்தரவாதமோ, ரொக்கப் பிணையோ கேட்கச் சொல்லி வாதாடுவது முக்கியம். நிபந்தனை விதித்துத் தடை கொடுக்க கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. இதைக் கேட்காமலே விட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம் அடிபடுகிறார்கள்.

மறுபக்கமும் கணக்கு இருக்கிறது. நார் மில்காரருக்குத் தடை கிடைக்காமல் தடம் அடைபட்டால், லோடு ஏற்ற லாரி வராது. ஆர்டர் கை நழுவும். மில்லில் வேலை செய்யும் பெண்களுக்கு வாரக்கூலி நிற்கும். எழும்பிய கட்டடத்தை இடிக்கச் சொல்ல எந்த நீதிபதியும் பத்துத் தடவை யோசிப்பார். ஆக, தடை கேட்பது பேராசையும் இல்லை, தடையை எதிர்ப்பது அடாவடியும் இல்லை. இரண்டு பக்கமும் குடும்பங்கள் இருக்கின்றன.

மறைத்தால் என்ன ஆகும்?

தடை கேட்டுப் போகிறவர் செய்யும் பெரிய தவறு, தனக்குப் பாதகமான காகிதத்தை மறைப்பது. ஏற்கெனவே பேசி எழுதிய உடன்படிக்கை, வாங்கிய முன்பணத்துக்கான ரசீது, முன்னால் தோற்ற ஒரு வழக்கு என்று ஏதோ ஒன்றை மறைத்துவிடுவார்கள்.

எதிர்த்தரப்பு இல்லாத நேரத்தில், முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய்யோ தவறான தகவலோ சொல்லித் தடை வாங்கியிருந்தால், கட்டளை 39 விதி 4-ன்படி கோர்ட் அதை நீக்கியாக வேண்டும். நீக்க வேண்டாம் என்று முடிவு செய்தால்தான் காரணம் எழுத வேண்டும்.

1993-ல் தீர்ப்பான செங்கல்வராய நாயுடு வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனதுதான். தான் ஏற்கெனவே எழுதிக் கொடுத்த விடுதலைப் பத்திரத்தை மறைத்து ஒருவர் தீர்ப்பு வாங்கியிருந்தார். மோசடியால் பெற்ற தீர்ப்பு செல்லாத தீர்ப்பு என்றது உச்ச நீதிமன்றம். தீர்ப்புக்கே இந்தக் கதி என்றால், இடைக்காலத் தடை எம்மாத்திரம்!

ஒரே விஷயத்துக்குக் கோர்ட் மாற்றிக் கோர்ட் போய்த் தடை கேட்பதும் அப்படித்தான். 1977-ல் அரிவாந்தாண்டம் வழக்கில் நீதிபதி வி.ஆர்.கிருஷ்ண அய்யர் அதற்குக் கடுமையாகச் சூடு போட்டார். இடத்தைக் காலி செய்ய அவகாசம் கேட்டு வாங்கிக்கொண்டு, பிறகு புதுப்புது வழக்காகப் போட்டுத் தடை கேட்ட விவகாரம் அது. இப்படிப்பட்ட வழக்குகளை முளையிலேயே கிள்ள வேண்டும் என்று விசாரணை நீதிமன்றங்களுக்கு அவர் சொன்னது இன்றும் மேற்கோள் காட்டப்படுகிறது.

மீறினால்?

‘கோர்ட் உத்தரவு பேப்பரில் இருக்கட்டும், ராத்திரி நாலு லோடு கான்கிரீட்டைப் போட்டுவிடலாம்’ என்று யோசனை சொல்ல எப்போதும் ஒருவர் இருப்பார். அவரை முதலில் வாசலோடு அனுப்பிவிடுங்கள்.

கட்டளை 39 விதி 2-ஏ-ன்படி, தடையை மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம். மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம். ஜப்தி செய்த ஓராண்டுக்குப் பிறகும் மீறல் தொடர்ந்தால், அந்தச் சொத்தை விற்று எதிர்த்தரப்புக்கு நஷ்ட ஈடு கொடுக்கலாம்.

மீறிச் செய்த காரியமும் நிலைக்காது. 1975-ம் ஆண்டின் செஞ்சுரி ஃபிளவர் மில்ஸ் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, உத்தரவை மீறி நடந்த தவறைச் சரிசெய்து பழைய நிலைக்குக் கொண்டுவருவது கோர்ட்டின் கடமை என்றது. இந்தச் சென்னைத் தீர்ப்பைப் பின்னாளில் உச்ச நீதிமன்றமே ஒரு கட்டுமான வழக்கில் எடுத்துக்காட்டியது.

அந்த வழக்கு டெல்லியில் நடந்தது. 1980-ல் ஜண்டேவாலான் பகுதியில் ஒரு மனையை டெல்லி வளர்ச்சி ஆணையம் ஏலம் விட்டது. ஸ்கிப்பர் கன்ஸ்ட்ரக்‌ஷன் நிறுவனம் 9.82 கோடி ரூபாய்க்கு ஏலம் கேட்டது. பணத்தை ஒழுங்காகக் கட்டவில்லை. ஆனால், வரப்போகும் கட்டடத்தில் இடம் தருவதாகச் சொல்லிப் பொதுமக்களிடம் பணம் வசூலித்தது. ஒரே இடம் ஒன்றுக்கு மேற்பட்டவர்களுக்கும் விற்கப்பட்டது. விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை போனது. 1991 ஜனவரி 29 அன்று, கட்டடத்தில் வேறு யாருக்கும் உரிமை ஏற்படுத்தக் கூடாது என்று தடை விதிக்கப்பட்டது. அதன் பிறகும் அந்த நிறுவனம் விற்பனையை நிறுத்தவில்லை. தடைக்குப் பின்னால் மட்டும் வசூலித்தது சுமார் 11 கோடி ரூபாய்.

1995-ல் நிறுவனத்தை நடத்தியவர்களுக்குச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. அதோடு முடியவில்லை. ‘பணம் கம்பெனி வாங்கியது, சொத்து குடும்பத்தார் பெயரில் இருக்கிறது’ என்ற சாக்கை 1996-ல் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. கம்பெனி என்ற திரையை விலக்கிப் பார்த்து, குடும்பத்தார் சொத்துகள் வரைக்கும் ஜப்தி நீண்டது. ஏமாந்தவர்களுக்குப் பணத்தைத் திருப்பிக் கொடுக்கத்தான் இவ்வளவும்.

ஒரு தடையை மீறிய தொழில், தொழிலோடு நிற்காமல் வீடு வரைக்கும் வந்துவிட்டது.

கம்பெனிக்கும் கம்பெனிக்கும் இடையே என்றால்

பொள்ளாச்சியில் முன்சீப் கோர்ட், சப் கோர்ட் இருக்கின்றன. சொத்தின் மதிப்பைப் பொறுத்து எங்கே போவது என்பது மாறும். ஆனால், தொழில் நிறுவனங்களுக்கு இடையிலான தகராறு என்றால், 2015-ம் ஆண்டின் வணிக நீதிமன்றங்கள் சட்டத்தையும் பார்க்க வேண்டும். கட்டுமான ஒப்பந்தங்கள், வியாபாரத்துக்கு மட்டுமே பயன்படும் அசையாச் சொத்து பற்றிய ஒப்பந்தங்கள் இதற்குள் வரும். மதிப்பு 3 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ இருந்தால் வணிக நீதிமன்றம்தான். ஆனால், ‘எதிர்காலத்தில் ஃபேக்டரி கட்டப்போகிறேன்’ என்ற காலி நிலம் இதில் சேராது. வியாபாரத்துக்கு உண்மையிலேயே பயன்பாட்டில் இருக்க வேண்டும் என்று 2019-ல் அம்பாலால் சாராபாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

வணிக வழக்குப் போடுவதற்கு முன் சமரச மையத்துக்குப் போவது கட்டாயம். இதைச் செய்யாமல் 2022 ஆகஸ்ட் 20-க்குப் பிறகு தாக்கலாகும் வழக்குகள் நிராகரிக்கப்படும். அவசரத் தடை கேட்கும் வழக்குகளுக்கு மட்டும் விலக்கு உண்டு. சமரசத்தைத் தவிர்ப்பதற்காகவே சும்மா ஒரு தடை மனுவைச் சேர்த்துவிடலாமே என்று தோன்றும். அந்தக் கதவையும் 2023-ல் உச்ச நீதிமன்றம் அடைத்துவிட்டது. அவசரம் நிஜமா, வேஷமா என்று கோர்ட் பார்க்கும்.

ஒப்பந்தத்தில் ‘தகராறு வந்தால் மத்தியஸ்தர்’ என்ற ஷரத்து இருக்கிறதா? அப்போதும் மத்தியஸ்தச் சட்டத்தின் 9-வது பிரிவில் கோர்ட்டில் தடை கேட்கலாம். மத்தியஸ்தம் தொடங்கும் முன்பே தடை கிடைத்தால், 90 நாளுக்குள் மத்தியஸ்த நடவடிக்கையை ஆரம்பித்தாக வேண்டும்.

ரோடு, பாலம், மின்சாரம், குடிநீர் போன்ற உள்கட்டமைப்புப் பணிகளில் கதை வேறு. 2018-ல் வந்த சட்டத் திருத்தத்தின்படி, பணியைத் தாமதப்படுத்தும் தடையை இப்படிப்பட்ட திட்டங்களில் கோர்ட் கொடுக்கக் கூடாது. டெண்டர் கைவிட்டுப் போன கான்ட்ராக்டர், பணி தொடங்கிய பிறகு தடை வாங்கி நிறுத்திவிடலாம் என்று எதிர்பார்த்தால் ஏமாற்றம்தான்.

கையில் வைத்திருக்க வேண்டியவை

தகராறு வரும் என்று வாசனை வந்ததும் செய்ய வேண்டிய முதல் வேலை கேவியட். ‘என்னைக் கேட்காமல் எந்த உத்தரவும் போடாதீர்கள்’ என்று கோர்ட்டில் முன்கூட்டியே கொடுக்கும் மனு இது. 90 நாள் செல்லும். பிறகு மறுபடி போட வேண்டும். பெரிய செலவில்லாத இந்த ஒரு காகிதம், நோட்டீஸ் இல்லாமல் வரும் தடையிலிருந்து காப்பாற்றும்.

இடத்தின் இன்றைய நிலையை தேதி தெரியும்படி போட்டோ, வீடியோ எடுத்து வையுங்கள். கோர்ட்டுக்குப் போனால் வக்கீல் கமிஷனரை அனுப்பக் கேட்கலாம். தரையில் இப்போது என்ன இருக்கிறது, சுவர் எத்தனை அடி எழும்பியிருக்கிறது என்று பார்த்து எழுதுவதுதான் அவர் வேலை. யார் அனுபவத்தில் இருக்கிறது என்று முடிவு சொல்வது அவர் வேலை அல்ல.

கிரயப் பத்திரம், மூலப் பத்திரம், பட்டா, நில அளவை வரைபடம், கட்டட அனுமதி, மின்கட்டண ரசீது, வரி ரசீது எல்லாம் ஒரே கோப்பில் இருக்கட்டும். தடை மனுவின் முதல் வாய்தா சில நாள்களிலேயே வந்துவிடும். அப்போது பீரோவைக் குடைந்துகொண்டிருக்க முடியாது.

இடம் வாங்கப் போகிறீர்களா? வில்லங்கச் சான்றில் நிலுவை வழக்கு தெரியாமல் போகலாம். இ-கோர்ட்ஸ் செயலியில் விற்கிறவர் பெயரைப் போட்டுத் தேடிப் பாருங்கள். வழக்கு நடக்கும் சொத்தை வாங்கினால், அந்த வழக்கின் முடிவு உங்களையும் கட்டுப்படுத்தும்.

தாமதிக்காதீர்கள். அஸ்திவாரம் போடும்போது பார்த்துக்கொண்டு சும்மா இருந்துவிட்டு, கூரை போடும்போது தடை கேட்டுப் போனால், ‘இத்தனை நாள் எங்கே போனீர்கள்?’ என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கும்.

எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்று. தடை உத்தரவு கொடுக்கும் அவகாசத்தை எதற்குப் பயன்படுத்துகிறோம் என்பதில்தான் விஷயமே இருக்கிறது. பொக்லைன் நின்றுவிட்டது, இரண்டு பேருக்கும் மூச்சுவிட நேரம் கிடைத்திருக்கிறது. அந்த நேரத்தில் சர்வேயரை வைத்து அளந்து, தடத்தை இரண்டடி தள்ளிப் போட்டோ, இடத்துக்கு ஒரு விலை பேசியோ முடித்துக்கொண்டால், அந்த உடன்பாட்டையே கோர்ட்டில் பதிவு செய்து தீர்ப்பாக வாங்கிக்கொள்ளலாம். பக்கத்துப் பக்கத்துத் தோட்டத்தில் தொழில் செய்கிறவர்கள், வழக்கு முடிந்த பிறகும் பக்கத்துப் பக்கத்தில்தான் இருக்கப்போகிறார்கள். அவர்கள் லாரிகள் அதே ரோட்டில்தான் எதிரெதிரே வந்து வழிவிட்டாக வேண்டும்.